ஊரில்லாத கோப்பை: ஏழு கோடைகளில் முடிந்துபோன இன்டர்நேஷனல் சாம்பியன்ஸ் கப்

"கோடையில் ரியல் மாட்ரிட், பார்சிலோனா, மான்செஸ்டர் யுனைடெட் எல்லாம் அமெரிக்காவில் போய் ஆடுவார்களே, ஐசிசி என்று ஒரு தொடர், அது என்ன ஆயிற்று? கொரோனாவால்தான் நின்றதா? அதை ஜெயித்த அணிக்கு அது கோப்பைக் கணக்கில் சேருமா?" இதுதான் நீங்கள் கேட்டது. கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இந்தத் தொடரை ஆரம்பத்திலிருந்து விடாமல் பார்த்தவன் நான், சிங்கப்பூரில் வேலையில் இருந்தபோது ஓர் ஆட்டத்தை நேரிலும் பார்த்திருக்கிறேன்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடலாம். இந்த ஐசிசிக்கும் கிரிக்கெட்டுக்கும் சம்பந்தமில்லை. முழுப்பெயர் இன்டர்நேஷனல் சாம்பியன்ஸ் கப். 2013 முதல் 2019 வரை, ஏழு கோடைகள், பெரிய ஐரோப்பிய கிளப்புகள் சீசன் தொடங்கும் முன் ஆடிய நட்புப் போட்டிகளை ஒரு தொடராகக் கட்டி நடத்தினார்கள். 2020 ஏப்ரலில் கொரோனாவால் அந்த வருட ஆட்டங்களை ரத்து செய்தார்கள், ஆண்களுக்கான தொடர் அதன்பிறகு திரும்பவே இல்லை. ஆக, கொரோனாவால் நின்றது என்று சொன்னால் பொய்யில்லை. ஆனால் அதே கொரோனாவில் நின்றுபோன எத்தனையோ தொடர்கள் அடுத்த வருடமே எழுந்து நடக்க ஆரம்பித்துவிட்டன. இது மட்டும் ஏன் எழவில்லை என்பதுதான் உண்மையான கேள்வி, அதற்குப் பதில் சொல்லக் கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

ஐரோப்பாவில் சீசன் ஆகஸ்டில் தொடங்கி மே மாதம் முடிகிறது. ஜூன் முழுக்க வீரர்களுக்கு விடுமுறை. ஜூலையில் திரும்பி வரும்போது மூச்சு வாங்கும், கால் கனக்கும், பந்தைத் தொடுவதிலேயே ஒரு தயக்கம் இருக்கும். அந்த நான்கைந்து வாரத்தில் உடம்பைத் தேற்ற, புதிதாக வந்தவர்களைப் பழக்க, கோச் மனதில் இருக்கும் அமைப்பை ஓட்டிப் பார்க்க நாலைந்து ஆட்டம் தேவைப்படுகிறது. முன்பெல்லாம் மலையடிவாரத்தில் எங்காவது முகாம் போட்டு, பக்கத்து ஊர் அணியை வரவழைத்துப் பத்து கோல் அடித்துவிட்டு வீடு திரும்புவார்கள். பிறகு, எப்படியும் ஆடத்தான் போகிறோம், நம்மை டிவியில் மட்டுமே பார்த்துப் பழகிய ஆசியாவிலும் அமெரிக்காவிலும் போய் ஆடினால் டிக்கெட்டும் விற்கும், ஜெர்சியும் விற்கும், ஸ்பான்சரும் மகிழ்வார் என்ற கணக்கு வந்தது.

நட்புப் போட்டிகளைக் கோப்பையாகக் கட்டுவது மட்டும் புதிய யோசனை இல்லை. ஸ்பெயினில் அது பழைய வழக்கம். லா கொருன்யாவில் தெரசா ஹெரேரா கோப்பை 1946 இல் தொடங்கியது, கடிஸ் நகரத்தில் ரமோன் தெ கர்ரான்சா 1955 இல், பார்சிலோனாவின் ஜுவான் கம்பேர் கோப்பை 1966 இல். நட்புக் கோப்பைதானே என்று இவற்றை லேசாக எடுத்துக்கொள்ள முடியாது. சமனில் முடிந்த ஆட்டத்தைப் பெனால்டி ஷூட் அவுட்டில் தீர்ப்பதை 1962 இலேயே கடிஸில் செய்துபார்த்துவிட்டார்கள், அது விதிப்புத்தகத்தில் ஏறியது 1970 இல்தான். இந்தக் கோப்பைகளுக்கெல்லாம் ஓர் ஊர் இருக்கிறது. கோடை வந்தால் கர்ரான்சா வரும் என்பது கடிஸ்காரர்களுக்குத் திருவிழாக் கணக்கு. யார் ஆட வருகிறார்கள் என்பது வருடத்துக்கு வருடம் மாறலாம், எங்கே நடக்கிறது என்பது மாறாது. இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், ஐசிசி எங்கே தடுமாறியது என்று புரிய இது உதவும்.

ஐசிசிக்கு முன்னோடியாக அமெரிக்காவில் வேர்ல்ட் ஃபுட்பால் சேலஞ்ச் என்று ஒன்று 2009 இல் வந்தது. செல்சி, இன்டர், ஏசி மிலான், மெக்சிகோவின் கிளப் அமெரிக்கா என்று நான்கு அணிகள். ஆஞ்சலோட்டி அப்போதுதான் செல்சிக்குக் கோச்சாக வந்திருந்தார், மூன்று ஆட்டத்தையும் ஜெயித்துக் கோப்பையை எடுத்தார்கள். 2010 உலகக் கோப்பை வருடம் என்பதால் விட்டுவிட்டு, 2011, 2012 என இரண்டு முறை நடத்தினார்கள். அதில் இன்றைக்கும் பேசப்படுவது ஒரே ஒரு காட்சி. 2011 ஜூலையில் மான்செஸ்டர் சிட்டி, எல்ஏ கேலக்ஸியோடு ஆடும்போது பலோடெல்லி கோல்கீப்பருக்கு எதிரே தனியாகப் போய், நேராக அடிக்காமல் சுழன்று குதிகாலால் தட்டப்பார்த்து வெளியே அடித்துவிட்டார். சிட்டியின் கோச் மன்சீனி அந்த நிமிடமே அவரை வெளியே எடுத்துவிட்டார், முதல் பாதிகூட முடியவில்லை.

2013 இல் அந்த இடத்துக்கு ஐசிசி வந்தது. நடத்தியது ரெலவன்ட் ஸ்போர்ட்ஸ் என்ற நிறுவனம். முதலாளி ஸ்டீபன் ராஸ், மியாமி டால்ஃபின்ஸ் என்ற அமெரிக்க ஃபுட்பால் (நம் கால்பந்து இல்லை, அது வேறு விளையாட்டு) அணிக்கும் அதன் ஸ்டேடியத்துக்கும் சொந்தக்காரர். கிளப்புகளோடு பேசிக் காரியத்தை முடிப்பவர் சார்லி ஸ்டில்லிடானோ. முதல் வருடம் எட்டு அணிகள், ஜெயித்தவர்கள் ஜெயித்தவர்களோடு மோதிக்கொண்டே போவது மாதிரியான அமைப்பு. எவர்டன், யுவெண்டஸை பெனால்டியில் தோற்கடித்து, அடுத்து ரியல் மாட்ரிட்டோடு டாட்ஜர் ஸ்டேடியத்தில் ஆடியது. பேஸ்பால் மைதானம் அது, அதற்குள் கால்பந்துக்கு ஆடுகளம் போட்டார்கள். இறுதி ஆட்டம் ராஸின் மியாமி ஸ்டேடியத்தில், ஆகஸ்ட் 7. ரியல் 3, செல்சி 1. ரொனால்டோ ஒரு ஃப்ரீ கிக்கில் ஒன்று, தலையால் ஒன்று. எதிரணி டக் அவுட்டில் நின்றவர் இரண்டு மாதம் முன்புவரை ரியலின் கோச்சாக இருந்த மோரீன்யோ. நட்புப் போட்டி என்ற பெயரில் இவ்வளவு உரசல் உள்ள ஆட்டம் கிடைப்பது அபூர்வம். ஆகஸ்ட் முதல் வாரத்தில் இதைவிட வேறென்ன வேண்டும் என்று எனக்கு அன்றைக்கு உண்மையாகவே தோன்றியது.

அடுத்த வருடம்தான் இந்தத் தொடரின் உச்சம் என்பேன். 2014 ஆகஸ்ட் 2, மிச்சிகன் மாநிலத்தில் ஆன் ஆர்பர். அது ஒரு பல்கலைக்கழக ஊர், அங்கே உள்ள ஸ்டேடியம் கல்லூரி மாணவர்கள் அமெரிக்க ஃபுட்பால் ஆடுவதற்காகக் கட்டியது, ஒரு லட்சம் பேருக்கு மேல் உட்காரலாம். அடியில் இருப்பது செயற்கைப் புல் என்பதால், இந்த ஆட்டத்துக்காக நிஜப் புல்லைப் பாய் போலச் சுருட்டிக் கொண்டுவந்து மேலே விரித்தார்கள். மான்செஸ்டர் யுனைடெட்டும் ரியல் மாட்ரிட்டும். வந்தவர்கள் 1,09,318 பேர். அமெரிக்காவில் ஒரு கால்பந்து ஆட்டத்துக்கு அதுவரை அவ்வளவு கூட்டம் கூடியதே இல்லை, 1994 உலகக் கோப்பை இறுதியாட்டத்துக்குக்கூட. ஆஷ்லி யங் இரண்டு, எர்னான்டஸ் ஒன்று, யுனைடெட் 3-1 என்று ஜெயித்தது. இரண்டு நாள் கழித்து மியாமியில் இறுதியாட்டத்தில் லிவர்பூலையும் அதே 3-1. வான் கால் கோச்சாக வந்த முதல் கோடை அது, மூன்று டிஃபெண்டர்களை வைத்து ஆடும் புது அமைப்பு, அந்தக் கோடையில் ஓர் ஆட்டம்கூடத் தோற்கவில்லை. எழுதியவர்கள் எல்லோரும் யுனைடெட் திரும்பி வந்துவிட்டது என்று எழுதினார்கள்.

ஆகஸ்ட் 16, சீசனின் முதல் ஆட்டம், சொந்த மைதானத்தில் ஸ்வான்சீயிடம் 1-2. ஆகஸ்ட் 26, லீக் கோப்பையில் மூன்றாம் நிலை அணியான எம்கே டான்ஸிடம் 0-4.

சீசனுக்கு முந்தைய ஆட்டங்களை எப்படிப் பார்க்க வேண்டும் என்று யார் கேட்டாலும் இந்த மூன்று வாரத்தைத்தான் நான் உதாரணமாகச் சொல்வேன். மிச்சிகனில் யுனைடெட் ஜெயித்தது பொய்யில்லை, ஆனால் எதிரில் இருந்தவர்களுக்கு அன்றைக்கு ஜெயிப்பது வேலையே இல்லை. பாதி ஆட்டத்தில் ஏழெட்டுப் பேரை மாற்றுவார்கள், அறுபதாவது நிமிடத்துக்கு மேல் களத்தில் இருப்பவர்களில் பாதிப் பேர் அகாடமிப் பையன்களாக இருப்பார்கள். ஒருவர் ஓடாமல் நிற்கிறார் என்றால் அவர் சோம்பேறி இல்லை, முப்பது நிமிடம் இந்த வேகத்தில் போனால் போதும் என்று உடற்பயிற்சிக்காரர் சொல்லி அனுப்பியிருப்பார். அணி எப்படி நிற்கிறது, புதிதாக வந்தவர் யாரோடு பேசிக்கொண்டு ஆடுகிறார், பந்து பறிபோனதும் முதல் இரண்டு வினாடியில் என்ன செய்கிறார்கள் என்பதையெல்லாம் கவனித்தால் நிறையத் தெரிந்துகொள்ளலாம். ஸ்கோர்தான் எதையும் சொல்லாது.

ஸ்கோர் எதையும் சொல்லாத ஆட்டங்களை வைத்து ஒரு சாம்பியனைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதுதான் இந்தத் தொடரின் தீராத தலைவலி. முதல் இரண்டு வருடம் இறுதியாட்டம் என்று ஒன்று இருந்ததால் சமாளித்தார்கள். 2015 இல் தொடரை மூன்று பிரிவாகப் பரப்பினார்கள், வட அமெரிக்காவும் ஐரோப்பாவும் ஒரு பிரிவு, ஆஸ்திரேலியா ஒன்று, சீனா ஒன்று. ஒரே வருடத்தில் ஒன்றுக்கு மேற்பட்ட சாம்பியன்கள்! மெல்போர்ன் கிரிக்கெட் மைதானத்தில் ரியல் மாட்ரிட், மான்செஸ்டர் சிட்டியை 4-1 என்று அடித்ததைப் பார்க்க ஏறக்குறைய ஒரு லட்சம் பேர் வந்தார்கள், கூட்டத்துக்கு எங்கேயும் குறையில்லை. ஆனால் இறுதியாட்டம் போய்விட்டது, பதிலுக்குப் புள்ளிப் பட்டியல் வந்தது. ஜெயித்தால் 3, சமனில் முடிந்து பெனால்டியில் ஜெயித்தால் 2, பெனால்டியில் தோற்றால் 1. கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் எல்லோரும் எல்லோரோடும் ஆடாத பட்டியலில் முதலிடம் என்பதற்கு என்ன மதிப்பு? 2018 இல் 18 அணிகள், ஆளுக்கு மூன்று ஆட்டம், மொத்தம் 27, எல்லாவற்றையும் ஒரே பட்டியலில் போட்டார்கள். அந்த வருட சாம்பியன் டாட்டன்ஹாம். அவர்களுடைய கடைசி ஆட்டம் ஜூலை 31 இல் மினியாபொலிஸில் முடிந்துவிட்டது, மிலானை 1-0 என்று ஜெயித்துவிட்டு ஊருக்குக் கிளம்பிவிட்டார்கள். மற்ற அணிகள் ஆகஸ்டிலும் ஆடிக்கொண்டிருந்தன. கோப்பை என்றால் கடைசி விசில், கட்டிப்பிடித்தல், மேடை, அதையெல்லாம் நேரில் பார்க்கும் ஒரு கூட்டம். அந்த வருடம் அது எதுவுமே இல்லை.

ஊரில்லாத தொடருக்கு என்ன கதி வரும் என்பதை நேருக்கு நேர் காட்டியது 2016 இல் பெய்ஜிங். கார்டியோலா மான்செஸ்டர் சிட்டிக்கும் மோரீன்யோ யுனைடெட்டுக்கும் அந்தக் கோடையில்தான் கோச்சாக வந்து சேர்ந்திருந்தார்கள். ஸ்பெயினில் இருந்தபோது இருவருக்கும் எவ்வளவு பகை என்று உங்களுக்குத் தெரியும். அவர்கள் ஆங்கில மண்ணில் மோதுவதற்கு முன்னால், ஒரே ஊர் அணிகள் மோதும் மான்செஸ்டர் டெர்பியை முதல்முறையாக இங்கிலாந்துக்கு வெளியே, பெய்ஜிங்கின் பறவைக்கூடு ஸ்டேடியத்தில், ஜூலை 25 அன்று நடத்த ஏற்பாடு. அதற்கு முந்தைய நாட்களில் அடைமழை, புல்தரை கெட்டுப்போய்விட்டது. ஆட்டம் தொடங்கச் சில மணி நேரம் இருக்கும்போது ரத்து என்று அறிவித்தார்கள். இரண்டு அணியும் அத்தனை தூரம் பறந்து வந்து, ஆடாமலே திரும்பின. சீனாவின் வேறு மூலைகளிலிருந்து ரயில் ஏறி வந்த ரசிகர்களை நினைத்துப் பாருங்கள். இதே டெர்பி மான்செஸ்டரில் மழையால் நின்றிருந்தால் அடுத்த வாரம் ஆடியிருப்பார்கள். பெய்ஜிங்கில் அடுத்த வாரம் என்று ஒன்று கிடையாது, விமானம் காத்துக்கொண்டிருக்கிறது. ஒரு வருடம் கழித்து அந்த டெர்பி ஐசிசியிலேயே நடந்தது, ஆனால் டெக்சாஸில், ஹூஸ்டன் நகரத்தில். லுகாகு, ரேஷ்ஃபோர்ட் கோல்களில் யுனைடெட் 2-0. பெய்ஜிங்கில் டிக்கெட் வாங்கியவருக்கு அதில் என்ன?

2017 மியாமி ஆட்டத்தைச் சொல்லாமல் விட முடியாது. ஜூலை 29, பார்சிலோனாவும் ரியல் மாட்ரிட்டும், எல் கிளாசிகோ என்று ஸ்பெயினில் சொல்லும் ஆட்டம். ஸ்பெயினுக்கு வெளியே இந்த இரண்டு அணியும் கடைசியாக மோதியது 1982 இல் வெனிசுவேலாவில், அதன்பிறகு 35 வருடம் கழித்து இது. நம் ஊரில் ஞாயிற்றுக்கிழமை விடியற்காலை, அலாரம் வைத்து எழுந்து பார்த்தவர்கள் நிறையப் பேர் இருப்பீர்கள். மெஸ்ஸி தொடங்கி வைத்தார், ராகிடிச், அப்புறம் கோவாசிச், அசென்சியோ, கடைசியில் நெய்மார் போட்ட ஃப்ரீ கிக்கில் பிக்கே காலை நீட்டி மூன்றாவது. பார்சிலோனா 3-2. அன்றைக்கு யாருக்கும் உறுதியாகத் தெரியாத ஒன்று, நெய்மார் பார்சிலோனா ஜெர்சியில் ஆடியது அதுதான் கடைசி. ஐந்தே நாளில், ஆகஸ்ட் 3, 22.2 கோடி யூரோவுக்குப் பாரிஸின் பிஎஸ்ஜி அணிக்குப் போய்விட்டார். மெஸ்ஸி, சுவாரெஸ், நெய்மார் என்ற அந்த மூவர் கூட்டணி ஒரு நட்புப் போட்டியில், ஃப்ளோரிடா புழுக்கத்தில் முடிந்தது. சரித்திரம் இடம் பார்த்து நடப்பதில்லை.

இனி நான் நேரில் பார்த்தது. சிங்கப்பூர் 2017 இல் இந்தத் தொடருக்குள் வந்தது. அந்த வருடமே கொண்டோக்பியா என்ற இன்டர் மிட்ஃபீல்டர், செல்சிக்கு எதிராக மைதானத்தின் மத்தியக் கோட்டுக்குச் சற்று இப்பாலிருந்து தன் கோல்கீப்பருக்குப் பந்தைத் திருப்பி அனுப்பப் போய், அது அவர் தலைக்கு மேலே பறந்து வலைக்குள் விழுந்தது. இன்டர் எப்படியோ 2-1 என்று ஜெயித்துச் சிங்கப்பூர் கோப்பையையும் எடுத்துவிட்டது. 2019 ஜூலை 21, ஞாயிறு, யுவெண்டஸும் டாட்டன்ஹாமும் காலாங்கில் உள்ள நேஷனல் ஸ்டேடியத்தில். அன்றைக்கு நான் போயிருந்தேன். எம்ஆர்டி ரயிலிலேயே பாதிப் பேர் முதுகில் ரொனால்டோ 7. எனக்குப் பக்கத்து இருக்கையில் ஒரு அப்பாவும் மகளும், ஜோகூரிலிருந்து பாலம் கடந்து வந்தவர்கள், தமிழ்க் குடும்பம். அந்தப் பெண்ணுக்குப் பத்து வயது இருக்கும். ரொனால்டோவை டிவி இல்லாமல் பார்ப்பது இதுதான் முதல்முறை என்று மூன்று தடவையாவது என்னிடம் சொன்னாள்.

முதல் பாதியில் லமேலா டாட்டன்ஹாமுக்கு ஒன்று. இரண்டாம் பாதியில் யுவெண்டஸுக்கு இகுவாயின் சமன் செய்தார், நான்கு நிமிடத்தில் ரொனால்டோ அடித்தார். அந்த நொடி ஸ்டேடியத்தின் மூடிய கூரைக்குள் எழுந்த சத்தம் இன்னும் என் காதில் இருக்கிறது, அந்தப் பெண் இருக்கை மேலே ஏறி நின்றுவிட்டாள். சிறிது நேரத்தில் ரொனால்டோவை வெளியே எடுத்தார்கள், எங்கள் வரிசையில் சிலர் அப்போதே பையைத் தூக்க ஆரம்பித்தார்கள். லூக்காஸ் மோரா 2-2 ஆக்கினார். பெனால்டிக்குத்தான் போகிறது என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருக்க, 93 ஆவது நிமிடத்தில் மத்தியக் கோட்டுக்குப் பக்கத்தில் யுவெண்டஸ் பந்தை விட்டது, அது டாட்டன்ஹாமின் ஹாரி கேன் காலடிக்கு வந்தது. அவர் தலையைத் தூக்கி ஒரே ஒரு தடவை பார்த்தார். பந்தை நிறுத்தவில்லை, அப்படியே அங்கிருந்தே அடித்துவிட்டார். கோல்கீப்பர் ஷெஸ்னி முன்னால் வந்து நின்றிருந்தார், பந்து மேலே போவதைப் பார்த்துப் பின்னால் ஓடத் தொடங்கியபோதே எங்களுக்குத் தெரிந்துவிட்டது. அவ்வளவு பேர் ஒரே நேரத்தில் மூச்சைப் பிடித்த மாதிரி ஒரு மௌனம், பிறகு வலை அசைந்தது. ரொனால்டோ ஜெர்சி போட்டவர்களும் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

இதை ஏன் இவ்வளவு விரிவாகச் சொல்கிறேன் என்றால், முந்தைய வருடம் மோரீன்யோ ஒரு விஷயம் சொன்னார். 2018 இல் மிச்சிகனில் யுனைடெட், லிவர்பூலிடம் 4-1 என்று தோற்றது, ஷாகிரி அந்தரத்தில் புரண்டு அடித்த கோல் அந்த ஆட்டத்தில்தான். ஒரு லட்சம் பேருக்கு மேல் வந்திருந்தார்கள். உலகக் கோப்பைக்குப் போன வீரர்கள் பாதிப் பேர் அணியில் இல்லை. நானாக இருந்தால் இந்த அணிகளைப் பார்க்கக் காசு செலவழித்து வந்திருக்க மாட்டேன் என்ற பொருளில் மோரீன்யோ பேசினார். அவர் கோபம் எனக்குப் புரிகிறது, முழு அணி இல்லாமல் ஆட வைத்தார்கள். ஆனால் அவர் சொன்னதை நான் ஏற்கவில்லை. மான்செஸ்டரில் இருப்பவருக்கு அந்த அணி வாரம் தவறாமல் பக்கத்து மைதானத்தில் ஆடுகிறது. ஆன் ஆர்பரிலோ காலாங்கிலோ இருப்பவருக்கு இருபது வருட விசுவாசத்துக்குக் கிடைப்பது இந்த ஒரு மாலைதான். அவர் ஏமாளி இல்லை. என்ன கிடைக்கும் என்று தெரிந்துதான் டிக்கெட் வாங்குகிறார்.

இதற்கு வீரர்கள் தரப்பிலிருந்து ஒரு விலை உண்டு என்பதையும் சொல்லியாக வேண்டும். கேன் கோல் அடித்த இரண்டு நாளில், வாஷிங்டன் பக்கத்தில் லாண்டோவரில் ரியல் மாட்ரிட், ஆர்செனலோடு ஆடியது. அசென்சியோ மாற்று வீரராக வந்து ஒரு கோலும் அடித்தார், சிறிது நேரத்தில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு விழுந்தார். தசைநார் அறுந்துவிட்டது, ஸ்ட்ரெச்சரில் தூக்கிப் போனார்கள். 23 வயது அவருக்கு. திரும்ப ஆடியது 2020 ஜூன், ஏறக்குறைய பதினோரு மாதம். வலென்சியாவுக்கு எதிராக மாற்று வீரராக உள்ளே வந்து, பந்தை முதல்முறை தொட்டபோதே கோல் அடித்தார். கண் கலங்க வைத்த கோல் அது. புள்ளிக் கணக்கே இல்லாத ஓர் ஆட்டத்தில் ஒரு வருடம் போனது என்பதை மட்டும் எந்தக் கோலும் ஈடுகட்டாது. அதே வாரத்தில் நியூயார்க் பக்கத்தில் அட்லெட்டிகோ, ரியல் மாட்ரிட்டை 7-3 என்று அடித்தது, டியேகோ கோஸ்டா நான்கு கோல் அடித்துவிட்டுச் சிவப்பு அட்டையும் வாங்கினார். நட்புப் போட்டியில் கைகலப்பு! அவர்களுக்கு உள்ளுக்குள் இது சும்மா ஆட்டம் இல்லை என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம்.

சரி, கோப்பைக் கணக்கு. நேரான பதில்: சேராது. ஐரோப்பியக் கால்பந்து அமைப்பான யுஇஎஃப்ஏவோ உலக அமைப்பான ஃபிஃபாவோ எந்த நாட்டுச் சங்கமோ நடத்தியது இல்லை, தனியார் தொடர், தகுதிச் சுற்று கிடையாது, அழைப்புதான். பெயரில் சாம்பியன்ஸ் இருந்தாலும் சாம்பியனாக இருக்க வேண்டும் என்று விதி இல்லை. அதிக முறை ஜெயித்தது ரியல் மாட்ரிட், 2013 இல் ஒன்று, 2015 இல் ஆஸ்திரேலியாவிலும் சீனாவிலும் ஒவ்வொன்று. அவர்கள் கோப்பைகளை எண்ணும்போது இந்த மூன்றை யாரும் எண்ணுவதில்லை. டாட்டன்ஹாம் 2018 இல் இதையும், 2019 இல் மியூனிக்கில் பேயர்னை பெனால்டியில் ஜெயித்து ஆடி கப்பையும் எடுத்தது, அதுவும் நட்புக் கோப்பைதான். ஆனாலும் 2008 லீக் கோப்பைக்குப் பிறகு அவர்களுக்குக் கோப்பையே இல்லை என்ற பேச்சு 2025 இல் யூரோப்பா லீக் வரும்வரை ஓயவே இல்லை. கடைசி ஐசிசி சாம்பியன் போர்ச்சுகலின் பென்ஃபிகா, 2019 இல் மூன்று ஆட்டமும் ஜெயித்து 9 புள்ளி, எந்தப் பட்டியல் குழப்பமும் இல்லாத சுத்தமான வெற்றி. அதை நினைவு வைத்திருப்பவர்கள் லிஸ்பனுக்கு வெளியே மிகக் குறைவு.

இப்போது முதல் கேள்விக்கு வருகிறேன், ஏன் எழவில்லை. என் கணிப்பு இது. ரெலவன்ட் இந்தத் தொடரால் ஒரு விஷயத்தை நிரூபிக்க நினைத்தது, நிரூபித்தும் விட்டது: பெரிய கிளப் ஆட்டத்தை அதன் ஊரிலிருந்து பெயர்த்து வந்து எங்கே வைத்தாலும் ஸ்டேடியம் நிறையும். நிரூபித்தபின் நட்புப் போட்டி அவர்களுக்கே சின்னதாகத் தெரிய ஆரம்பித்தது. 2018 இல் ஸ்பெயினின் முதல்நிலை லீக்கான லா லிகாவோடு நீண்ட ஒப்பந்தம் போட்டார்கள். லீக் ஆட்டத்தையே, புள்ளி உள்ள ஆட்டத்தையே, அமெரிக்காவுக்குக் கொண்டுவருவது திட்டம். 2019 ஜனவரியில் ஜிரோனாவும் பார்சிலோனாவும் ராஸின் அதே மியாமி ஸ்டேடியத்தில் ஆட வேண்டியது. ஸ்பெயின் கால்பந்துச் சங்கம் எதிர்த்தது, வீரர்கள் சங்கம் எதிர்த்தது, லீக் ஆட்டம் அந்தந்த நாட்டுக்குள்தான் என்று ஃபிஃபாவும் சொல்லிவிட்டது, 2018 டிசம்பரிலேயே பார்சிலோனாவே விலகிக்கொண்டது. ரெலவன்ட் விடவில்லை, நீதிமன்றம் போனார்கள், வருடக்கணக்கில் வழக்கு நடந்தது, 2024 இல் ஃபிஃபாவோடு சமரசம். 2025 டிசம்பரில் வில்யாரியலும் பார்சிலோனாவும் அங்கேயே ஆடுவதாக மறுபடி அறிவிப்பு. ஸ்பெயின் வீரர்கள் அக்டோபரில் ஆட்டம் தொடங்கியதும் 15 வினாடி அசையாமல் நின்று எதிர்ப்பைக் காட்டினார்கள், அந்த மாதமே திட்டம் கைவிடப்பட்டது. 2013 இறுதி, 2014 இறுதி, 2017 கிளாசிகோ, நடக்காத இந்த இரண்டு லீக் ஆட்டம், எல்லாவற்றுக்கும் ஒரே ஸ்டேடியம். ஐசிசிக்கு ஊர் இல்லைதான், முதலாளிக்கு ஒரு ஸ்டேடியம் இருந்தது.

இன்னொரு பக்கம், கோடையின் மதிப்பு தெரிந்ததும் ஆட்டத்துக்கு உண்மையான சொந்தக்காரர்கள் இடைத்தரகர் இல்லாமல் தாங்களே நடத்த வந்துவிட்டார்கள். பிரீமியர் லீக் 2023 இல் ஆறு கிளப்புகளைக் கூட்டிக்கொண்டு அமெரிக்காவில் சம்மர் சீரிஸ் என்று சொந்தமாக நடத்தியது. ஃபிஃபா 2025 ஜூன், ஜூலையில் 32 அணிகள் கொண்ட கிளப் உலகக் கோப்பையையே அதே நாட்டில் வைத்தது, பரிசுத்தொகை மொத்தம் நூறு கோடி டாலர், செல்சி பிஎஸ்ஜியை 3-0 என்று தோற்கடித்த இறுதியாட்டம் நடந்தது கோஸ்டா நான்கு கோல் அடித்த அதே ஸ்டேடியத்தில். நூறு கோடி டாலர் பரிசு இருக்கும் கோடையில், பரிசே இல்லாத பட்டியலுக்கு எந்தக் கிளப் வரும்? கடிஸ்காரர்களுக்குக் கர்ரான்சா நின்றால் தங்கள் கோடை போய்விடும் என்ற பதைப்பு இருக்கும். ஐசிசி நின்றபோது தங்களுடையது போய்விட்டது என்று சொல்ல ஓர் ஊரும் இல்லை. காலாங்கில் அன்று நாங்கள் அத்தனை பேர் இருந்தோம், ஆனால் அது எங்கள் தொடர் இல்லையே, அடுத்த வருடம் வரும் என்று யாரும் எங்களுக்கு வாக்குக் கொடுக்கவில்லை.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தப் பெயரில் நடந்தவற்றில் மனதார மதிக்கத்தக்கது அதுதான் என்பது என் எண்ணம். 2018 இல் பெண்களுக்கான ஐசிசியைத் தொடங்கினார்கள், நான்கே அணிகள், அரையிறுதி, இறுதி, அவ்வளவுதான். பெண்கள் கால்பந்தில் கண்டம் விட்டுக் கண்டம் கிளப்புகள் மோத ஃபிஃபாவிடம் அப்போது எந்தத் தொடரும் இல்லை. ஐரோப்பாவை ஆண்டுகொண்டிருந்த பிரான்சின் லியோன் அணியா, அமெரிக்க லீக்கில் உதைபட்டு வளர்ந்த அணிகளா, யார் பெரியவர் என்பது இரண்டு பக்கமும் நிஜமாகவே தெரிந்துகொள்ளத் துடித்த கேள்வி. மியாமியில் நடந்த முதல் இறுதியில் நார்த் கரோலினா கரேஜ், லியோனை 1-0 என்று வீழ்த்தியது. அடுத்த வருடம் நார்த் கரோலினாவிலேயே, கேரி என்ற ஊரில், அதே இரண்டு அணி, அதே 1-0, இந்த முறை லியோன். ஆண்கள் தொடர் நின்றபிறகும் இது போர்ட்லண்டில் தொடர்ந்தது, 2021 இல் சொந்த ஊர் அணியான போர்ட்லண்ட் தார்ன்ஸ் லியோனைத் தோற்கடித்துக் கோப்பையைத் தன் ரசிகர்கள் முன்னால் தூக்கியது, 2022 இல் லியோன் மெக்சிகோவின் மான்டெர்ரேயை 4-0 என்று ஜெயித்தது. அந்த ஆட்டங்களின் தொகுப்பு கிடைத்தால் 2018 இறுதியிலிருந்து வரிசையாகப் பாருங்கள். ஒருவரும் நடந்து ஆடியிருக்க மாட்டார்கள்.